பிறர் முற்றத்துப் புலி

கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையின் ஆலைப் புகைக்கும் சரக்குந்துகளின் இரைச்சலுக்கும் நடுவே வாழும் நமக்குப் புலி என்பது பாடநூலில் ஒரு படம். மிஞ்சிப் போனால் வண்டலூரில் அகழிக்கு அப்பால் உறங்கும் ஓர் உருவம். மாலையில் வீடு திரும்பும் பிள்ளையைப் புலி அடித்துவிடுமோ என்ற அச்சம் நம் தாய்மாருக்கு இல்லை. அதனால்தானோ என்னவோ, புலியைக் காக்க வேண்டும் என்று சொல்வது நமக்கு மிக எளிதாயிருக்கிறது. நாம் எளிதாகச் சொல்லிவிடும் ஓர் அறத்தின் விலையை யார் செலுத்துகிறார்கள் என்று சற்றே எண்ணிப் பார்ப்போம்.

2021ஆம் ஆண்டு நீலகிரி மாவட்டத்துக் கூடலூரிலும் மசினகுடியிலும் நிகழ்ந்ததைப் பலர் நாளேடுகளில் படித்திருப்போம். டி23 என்று வனத்துறை குறியிட்டிருந்த முதிய ஆண் புலி ஒன்று நான்கு மனிதரைக் கொன்றதாகக் கூறப்பட்டது. கால்நடைகளும் பல மாண்டன. மக்கள் சாலையில் அமர்ந்து மறியல் செய்தனர். மனித உயிருக்கு ஆபத்தாகிவிட்ட விலங்கைப் பிடிக்கவோ மயக்கவோ வேறிடம் மாற்றவோ இயலாதபோது அதனைச் சுட அனுமதிக்கலாம் என்பது 1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம். அதன்படி ஆணையும் பிறந்தது. ஆனால் புலியை உடனே கொன்றுவிட வேண்டாம் என்று சென்னை உயர் நீதிமன்றம் அறிவுறுத்தியது. கும்கி யானைகளும் மோப்ப நாயும் ட்ரோன்களுமாக 21 நாள்கள் தேடிய பின், அக்டோபர் 15 அன்று மயக்க ஊசி செலுத்திப் புலியை உயிருடன் பிடித்து மைசூருக்குக் கொண்டு சென்றனர். 2014 சனவரியில் தொட்டபெட்டாப் பகுதியில் மூவரைக் கொன்ற புலியோ சுட்டு வீழ்த்தப்பட்டது.

உயிருடன் பிடித்தது நன்றே. புலி கொலைகாரனன்று, பாவம் செய்யும் திறன் அதற்கு இல்லை. மானைத் துரத்த வலுவிழந்த விலங்கு மாட்டைத் தேடி வருகிறது. மாட்டின் அருகே மனிதன் நிற்கிறான். அதனைப் பழிதீர்க்கப் புறப்படுவது அறிவுக்கு ஒவ்வாது. ஆயினும் அந்த 21 நாள்களும் பொறுமை காத்தவர் யார்? தொலைக்காட்சியில் கண்டு புலிக்காக இரங்கிய நாமல்ல. விடிந்தும் விடியாத மூடுபனியில் கொழுந்து பறிக்கப் போக வேண்டியவர்கள் அவர்கள்.

“காட்டுக்குள் போய்க் குடியேறியது அவர்கள் தவறுதானே” என்று சிலர் கேட்கக் கேட்டிருக்கிறோம். இது இரக்கமற்ற கேள்வி மட்டுமன்று, வரலாறு அறியாத கேள்வியுமாகும். அந்த மலைகளில் தோட்டங்களைத் திறந்தவர்கள் ஆங்கிலேயர். 1964ஆம் ஆண்டின் சிறீமாவோ-சாஸ்திரி ஒப்பந்தப்படி இலங்கையிலிருந்து திரும்பிய தமிழருக்கு வாழ்வளிக்க, 1968இல் அரசே அங்குத் தேயிலைத் தோட்டம் தொடங்கியது. பின்னர் டான்டீ என வழங்கிய நிறுவனம் அதுவே. இரு அரசுகள் எழுதிய தாளின்படி கப்பலேறி வந்தவர்களைப் பார்த்து, “புலியின் வீட்டில் உனக்கென்ன வேலை?” என்று கேட்கலாமா?

ஊர் நலத்துக்காகச் சிலரின் நிலத்தில் சுமை ஏற்றப்படுவது நம் வட்டாரம் அறியாததன்று. தேர்வாய் கண்டிகையில் ஆயிரம் ஏக்கருக்கும் மேற்பட்ட மேய்ச்சல் காடு தொழிற்பூங்காவுக்கு எடுக்கப்பட்டபோது அவ்வூர் மக்கள் போராடினார்கள். தொழில் வேண்டாம் என்பதல்ல அவர்கள் வாதம். நாடு முழுவதும் பெறும் பயனுக்கு எங்கள் ஆடுமாடுகள் மட்டும் ஏன் பட்டினி கிடக்க வேண்டும் என்பதே. கூடலூர்த் தொழிலாளியின் கேள்வியும் இதுவேயன்றோ?

அப்படியானால் புலியே வேண்டாம் என்று சொல்லிவிடலாமா? அதுவும் இயலாது. ஒரு புலிக்கு ஆண்டுக்கு ஏறத்தாழ 50 மான்கள் இரையாக வேண்டும். அவ்வளவு இரை குறையாமல் கிடைக்கச் சுமார் 500 விலங்குகள் மேயும் காடு வேண்டும். ஆகவே புலி நிலைத்திருக்கிறது என்றால் காடும் நிலைத்திருக்கிறது என்று பொருள். முதுமலையை ஒட்டிப் பாயும் மோயாறு பவானியில் சேர்கிறது. பவானி காவிரியில் சேர்கிறது. காவிரி நீர் வீராணத்தை நிரப்புகிறது. 2004 முதல் வீராணத்து நீர் சென்னை மக்களின் குடங்களுக்கு வருகிறது. புலி காக்கும் தண்ணீரைத் தலைநகரம் குடிக்கிறது. 2006இல் தமிழகத்தில் 76 என மதிப்பிடப்பட்ட புலிகள் 2022இல் 306 ஆயின. மகிழத்தக்க செய்தி. அந்தப் புலிகள் நடமாடுவது நம் தெருவில் அல்ல என்பதையும் சேர்த்தே மகிழ வேண்டும்.

திருப்பாடல் 104 இங்கு நினைவுக்கு வருகிறது. இரவில் சிங்கக்குட்டிகள் கடவுளிடம் இரை கேட்டு முழங்குகின்றன. கதிரவன் எழுந்ததும் அவை குகைக்குத் திரும்ப, மனிதன் மாலைவரை உழைக்கப் புறப்படுகிறான். பாடலாசிரியர் சிங்கத்தைப் பகைவனாகக் காணவில்லை. அதே தந்தையிடம் உணவு கேட்கும் இன்னொரு படைப்பாகவே காண்கிறார். ஒரே நிலத்தை இருவரும் நேரத்தால் பங்கிட்டுக்கொள்ளும் அழகிய ஒழுங்கு அது.

ஆனால் அந்த ஒழுங்கைக் கடைப்பிடிக்க எல்லாராலும் முடிகிறதா? நமக்கு அண்மையிலுள்ள திருமலையின் அலிபிரி நடைபாதையில் 2023 ஆகஸ்டில் ஆறு வயதுச் சிறுமி ஒருத்தியைச் சிறுத்தை கொன்றது. அதன்பின் 15 வயதுக்குட்பட்ட பிள்ளைகள் பிற்பகல் 2 மணிக்கு மேல் அப்பாதையில் செல்லத் தேவஸ்தானம் தடை விதித்தது. பக்தர்களுக்குக் கைத்தடியும் கொடுத்தது. யாத்திரிகர் அந்த நேரத்தைக் கடைப்பிடிக்கலாம். மறுநாள் ஊர் திரும்பிவிடுவார். லயன் வீட்டில் கழிப்பறை இல்லாத பெண் எந்த நேரத்தைக் கடைப்பிடிப்பாள்? பள்ளி முடிந்து பேருந்து வராமல் அந்தியில் தோட்டத்து வழியே நடக்கும் பிள்ளை? கடிகாரத்தின் மீதும் ஏழைக்கு உரிமை குறைவு.

வீட்டுக்குள்ளே கழிப்பறை, லயன்களில் விளக்கு, பள்ளிப் பிள்ளைகளுக்கு வண்டி, மாடு இறந்தால் அலைக்கழிக்காமல் இழப்பீடு: இவை பெரிய தத்துவங்களல்ல, பணம் செலவாகும் காரியங்கள். இவற்றைத் தருமம் என்று எண்ணிக் கொடுப்பது தவறு. காட்டின் பயனை நுகரும் நாம் தீர்க்க வேண்டிய கடன் இது. கடன் தீராதபோது அதன் சுமை புலியின் மேலேயே திரும்பி விழுகிறது. 2023 செப்டம்பரில் நீலகிரி அவலாஞ்சிப் பகுதியில் இரண்டு புலிகள் இறந்து கிடந்தன. புலியடித்த பசுவின் உடலில் நஞ்சு கலக்கப்பட்டிருந்தது. பசுவை இழந்தவர் கைது செய்யப்பட்டார். பசுவின் விலை காலத்தோடு தம் கைக்கு வந்து சேரும் என்று அவர் நம்பும்படி நாம் ஏதேனும் செய்திருந்தோமா?