ஆளில்லாக் கடையில் நிற்கும் முகங்கள்

சரக்கில்லாத வெறுங்கடையைவிட, மனித உருவங்கள் நிறைந்திருந்தும் மனிதர் எவரும் இல்லாத கடை கூடுதல் தனிமையோடு தோன்றுவது ஏன் என்ற கேள்வியைப் புதுச்சேரியின் வில்லியனூரை முன்வைத்து ஆராய்வது பொருந்தும். ஏனெனில் களிமண்ணில் உருவம் வனைந்து சூளையில் சுட்டெடுக்கும் சுடுமண் கலைக்காகப் புவிசார் குறியீடு பெற்ற ஊர் அது. அக்கலையில் தேர்ந்த வி. கே. முனுசாமிக்கு 2020ஆம் ஆண்டு பத்மஸ்ரீ விருதும் அறிவிக்கப்பட்டது.

ஓர் உருவம் உயிருள்ளதா, இல்லையா என்று மனம் தடுமாறுவதே இனம்புரியாத அச்சத்தின் ஊற்று என்று ஜெர்மானிய மனநல மருத்துவர் எர்ன்ஸ்ட் யென்ட்ச் 1906இல் எழுதினார். அந்தத் தடுமாற்றம் மட்டும் போதாது, மறக்கப்பட்ட பழைய அச்சங்கள் திரும்பி வருவதே காரணம் என 1919இல் ஃபிராய்டு மறுத்தார். ஜப்பானிய ரோபோ அறிஞர் மசாஹிரோ மோரி, மனிதச் சாயல் கூடக்கூட வளரும் ஈடுபாடு, சாயல் ஏறக்குறைய முழுமையாகும் இடத்தில் திடீரெனச் சரிந்து விலக்கமாகிறது என்று 1970இல் கூறி, அச்சரிவைப் பள்ளத்தாக்கு என்றார். மூன்றும் அச்சத்தை விளக்குகின்றன. தனிமையை அவை தொடவில்லை. முகத்தைக் கண்டால் மறுமொழியை எதிர்பார்ப்பது மனித இயல்பாதலால், அது கிடைக்காத இடத்தில், பார்ப்பவர் தாமே தனித்து விடப்பட்டதாக உணர்கிறார் என்பதே இங்குக் கூடுதலாகச் சொல்லத்தக்கது.

இதைத் தமிழகக் குயவர் நன்கு உணர்ந்திருந்தனர் போலும். அய்யனாருக்கு மண்குதிரைகளை நேர்ந்து செலுத்தும் புரவியெடுப்பு விழாவில், குதிரை வனைந்து சுடப்பட்ட பின்னும் அதன் கண் திறக்கப்படுவதில்லை. ஊரார் வந்து கூடிய பிறகே, விழிக்கு உயிரூட்டும் சடங்காகிய கண் திறப்பு நிகழ்கிறது. பார்க்க ஆளில்லாத இடத்தில் பார்வை வழங்கப்படுவதில்லை என்பதே இம்முறையின் விளைவு. பின்னர் அக்குதிரைகள் அய்யனார் கோயிலில் மழையிலும் வெயிலிலும் சிதைந்தாலும், அவற்றைக் காண்போருக்கு அநாதை உணர்வு எழுவது அரிது. ஓர் ஊரே அவற்றைச் சுமந்து வந்திருக்கிறது.

துணிக்கடைப் பொம்மைகளுக்கு அந்த வாய்ப்பு இல்லை. தொழிற்சாலையிலேயே விழி வரையப்பட்டு வரும் அவை, கடை சாத்திய பின்னும் கண்ணாடிக்குப் பின்னிருந்து யாருமற்ற தெருவை வெறித்துக்கொண்டிருக்கின்றன. தலையில்லாத பொம்மைகளையே இன்று பல கடைகள் நிறுத்துகின்றன. சட்டையை விற்க அது போதும்தான். ஆயினும், கண்ணைத் திறக்க வேளை பார்த்த குயவரின் நிதானம், தலையையே நீக்கிவிட்ட வணிகத்துக்குக் கைவரவில்லை.