பந்தயம் ஓடுபாதைக்கு உரியது, வீதிக்கு அல்ல

தம்பிமாரே, தொண்டைமானாற்றுக் கரையோர வீதியில் ஒருவரையொருவர் முந்த மோட்டார் சைக்கிளை முறுக்கும் உங்களுக்குத்தான் சொல்கிறேன். இன்றைக்கே நிறுத்துங்கள்.

2024 ஏப்ரல் 21 அன்று தியத்தலாவையில் நடந்த கார்ப் பந்தயத்தை மறக்கவேண்டாம். ஓடுபாதையை விட்டு விலகிய கார் ஒன்று சனத்துக்குள் பாய்ந்தது. ஏழு பேர் இறந்தார்கள். அவர்களில் ஒருத்தி எட்டு வயதுச் சிறுமி. மேற்பார்வையோடு நடந்த பந்தயத்திலேயே இப்படியென்றால், சந்நிதி கோயிலுக்கு நடந்து போகும் ஆச்சியும் ரியூசன் விட்டு வரும் பிள்ளையும் எதிர்ப்படும் வீதியில் உங்கள் போட்டிக்கு யார் பொறுப்பு?

பந்தய உலகம் சாவுகளிலிருந்து பாடம் படித்தது. 1994இல் இத்தாலியின் இமோலா ஓடுபாதையில் அடுத்தடுத்த நாட்களில் ஃபோர்முலா வன் கார்ப் பந்தய ஓட்டுநர்களான ரட்சன்பெர்கரும் சென்னாவும் மாண்டார்கள். அதன்பின் ஓடுபாதைகளையும் கார்களையும் திருத்தினார்கள். மோதலில் கழுத்து முறியாதபடி ஹெல்மெற்றைப் பிடித்துக்கொள்ளும் தோள்கவசம் 2003இல் ஃபோர்முலா வன்னில் கட்டாயமானது. தலையைச் சுற்றிக் காக்கும் ‘ஹேலோ’ வளையம் 2018இல் வந்தது. அதை முதலில் விரும்பாதவர்களில் ஓட்டுநர் குரோஜானும் ஒருவர். 2020இல் பஹ்ரைனில் அவருடைய கார் தடுப்பைப் பிளந்து, இரண்டாக உடைந்து தீப்பற்றியது. அந்த வளையம் தலையைக் காத்தது. தீயைத் தாங்கும் உடை மேனியைக் காத்தது. பின்னாலேயே வந்த மருத்துவக் காரில் வைத்தியர் இருந்தார். குரோஜான் நெருப்புக்குள்ளிருந்து உயிரோடு வெளியே வந்தார்.

நீங்களோ அந்தப் பந்தய ஓட்டுநர்களிடமிருந்து வேகத்தை மட்டும் எடுத்துக்கொண்டு, உயிரைக் காக்கும் கட்டுப்பாட்டை விட்டுவிட்டீர்கள். ஹெல்மெற்றைக் கைப்பிடியில் கொழுவிக்கொண்டு ஓடாதீர்கள். தலையில் போட்டு, நாடிப் பட்டியைப் பூட்டுங்கள். ஓரமாய் நின்று வீடியோ எடுப்பவர்களே, உங்கள் கைதட்டலும் அந்த வேகத்துக்குத் துணைபோகிறது; விலகுங்கள். பெற்றோரே, லைசன்ஸ் எடுக்காத பிள்ளையிடம் திறப்பைக் கொடுக்காதீர்கள். வெளிநாட்டிலிருக்கும் அண்ணன்மாரே, தம்பி கேட்டான் என்பதற்காகப் பெரிய பைக்குக்குக் காசு அனுப்பாதீர்கள்.

பந்தயத்தில் உண்மையான ஆசை இருந்தால் வேலியும் வைத்தியரும் அம்புலன்ஸும் உள்ள ஓடுபாதையில், பழக்குபவரின் கீழ்ப் பழகுங்கள். இவையொன்றும் இல்லாத வீதியில் ஓடுவது வீரமல்ல. அடுத்தவரின் உயிரை வைத்து ஆடும் சூது. இன்று பின்னேரம் கூட்டாளி கூப்பிட்டால் ‘நான் வரமாட்டேன்’ என்று சொல்லுங்கள். உங்களில் ஒருவர் துணிந்து சொன்னால் மற்றவர்களும் நிற்பார்கள்.