அட்டை வேறு, ஊசி வேறு



தடுப்பூசி என்றால் அது குழந்தைகள் சமாசாரம் என்று நம்மில் பலர் ஒதுக்கிவிடுகிறோம். பிள்ளையைத் தேதி தவறாமல் கிளினிக்குக்குக் கொண்டுபோகும் தகப்பனாரிடம், "தாங்கள் கடைசியாக எப்போது ஊசி போட்டுக்கொண்டீர்கள்?" என்று கேட்டால் விழிப்பார். எல்லா ஊசியின் சக்தியும் ஆயுள் முழுதும் நிற்பதில்லை. டைபாய்டு ஊசிக்கு ஏறத்தாழ 3 ஆண்டு. துருப்பிடித்த ஆணி குத்தினால் நாம் அஞ்சும் இசிவு நோய்க்கான ஊசியைப் 10 ஆண்டுக்கு ஒரு முறை புதுப்பிக்கவேண்டும். ஹஜ்ஜுக்கும் உம்ராவுக்கும் போகிறவர்கள் போடும் மூளைக்காய்ச்சல் ஊசி, அதன் வகையைப் பொறுத்து, 3 அல்லது 5 ஆண்டுக்குத்தான் செல்லும். கடை லைசென்சைப் புதுப்பிக்க மறவாத நாம் இதை மட்டும் மறந்துவிடுகிறோம்.

"உடம்பு என்னுடையது, ஊசி போடுவதும் போடாததும் என் இஷ்டம்" என்று ஒரு வியாபாரி சொல்லலாமா? இதுவே இங்கு நான் கேட்க விரும்புவது.

ஈப்போவில் விடியற்காலை ரொட்டி தட்டும் கையை எண்ணிப் பாருங்கள். சாப்பிட வருகிறவர் மலாய்க்காரரோ, சீனரோ, நம்மவரோ, அந்தக் கையைச் சோதித்துவிட்டு உட்காருவதில்லை. நம்பி உட்காருகிறார். அந்த நம்பிக்கை அவர் நம்மிடம் ஒப்படைத்த அமானிதம். டைபாய்டுக் கிருமியோ சோற்றிலும் தண்ணீரிலும் ஏறிப் பயணம் செய்வது. இதனால்தான் உணவைக் கையாளுவோர் மருத்துவப் பரிசோதனை செய்து ஊசி போட்டுக்கொள்ளவேண்டும் என்று மலேசியாவின் 2009ஆம் ஆண்டு உணவுச் சுகாதார ஒழுங்குவிதிகள் கட்டளையிடுகின்றன.

"நான் திடகாத்திரமாகத்தானே இருக்கிறேன்!" என்பார் சிலர். நியூயார்க்கில் மேரி மல்லன் என்ற சமையற்காரப் பெண்மணியும் அப்படித்தான் சொன்னார். அவருக்கு நோயின் அடையாளமே இல்லை. ஆனால் அவர் சமைத்த வீடுகளில் ஒன்றன்பின் ஒன்றாக டைபாய்டு கண்டது. 1907இல் அவரைக் கண்டுபிடித்துத் தனியே வைத்தார்கள். இனிச் சமைப்பதில்லை என்ற வாக்கின் பேரில் 1910இல் விட்டார்கள். அவரோ பெயரை மாற்றிக்கொண்டு மறுபடியும் சமைக்கப் போனார். 1915இல் ஓர் ஆஸ்பத்திரியில் 25 பேர் நோயில் விழுந்த பின்னரே பிடிபட்டார். தன் உடம்பு தனக்குச் சொல்லும் சாட்சி எப்போதும் போதாது என்பதற்கு இதைவிட வேறென்ன வேண்டும்?

வேறு சிலர், "சுகாதார அதிகாரி வந்தால் காட்ட அட்டை இருந்தால் போதாதா?" என்று கேட்பார்கள். ஊசி போடாமலே காசு கொடுத்து அட்டை மட்டும் வாங்குவதில் என்ன குற்றம் என்று எண்ணுவோரும் உண்டு. அவர்களுக்கு மதீனத்துக் கடைத்தெருவை நினைவூட்டுகிறேன். ரஸூலுல்லாஹி (ஸல்) அவர்கள் ஒரு தானியக் குவியலுக்குள் கைவிட்டபோது உள்ளே ஈரம் தட்டியது. மழையில் நனைந்தது என்றார் வியாபாரி. அப்படியானால் வாங்குவோர் காணும்படி ஈரத்தை மேலே வைத்திருக்கலாமே என்று கேட்டு, ஏமாற்றுகிறவர் நம்மைச் சேர்ந்தவர் அல்லர் என்று கண்டித்தார்கள். ஊசியில்லாத அட்டை எது? ஈரத்தை மூடிய காய்ந்த தானியம்தான்! அதிகாரி மேலே உள்ளதைப் பார்த்துப் போய்விடுவார். உள்ளே உள்ளதை அல்லாஹ் அறிவான்.

விதியை நம்புகிறவனுக்கு ஊசி எதற்கு என்ற கேள்வி புதியதன்று. உமர் (ரலி) அவர்கள் ஷாம் தேசத்துக்குப் போகும் வழியில் அங்கே கொள்ளைநோய் பரவியிருப்பதாகக் கேட்டுத் திரும்ப முனைந்தபோது, அல்லாஹ்வின் விதியை விட்டா ஓடுகிறீர்கள் என்று அபூ உபைதா (ரலி) அவர்கள் கேட்டார்கள். ஒரு விதியிலிருந்து அவனுடைய இன்னொரு விதிக்கே போகிறோம் என்பது கலீஃபா அவர்களின் கருத்து. மருந்தும் அவன் விதித்ததுதானே!

ஹலாலா ஹராமா என்று விசாரிப்பது நம் கடமை. ஆலிம்களும் அதை விசாரிக்காமல் விடுவதில்லை. கோவிட் தடுப்பூசி ஆகுமானது என்றும், அரசாங்கம் குறிப்பிடுவோர்க்கு அது வாஜிபு என்றும் இந்நாட்டின் தேசிய ஃபத்வா சபை 2020 டிசம்பரில் தீர்ப்பளித்தது.

பிறர் கையில் ஏறிய ஊசி நம்மைக் காத்த கதையும் உண்டு. சுங்கை சிப்புட் பக்கத்து ரப்பர்த் தோட்டங்களில் பால் வெட்டியவர்களிலும், அங்கே கடை வைத்தவர்களிலும் பலர் பினாங்கில் கப்பலிறங்கி வந்தவர்கள். அக்காலத்தில் தொற்றுநோய்க்கு அஞ்சிப் பயணிகளைப் புலாவ் ஜெரஜாக் தீவில் நிறுத்திவைப்பார்கள். பெரியம்மைக்கு அவ்வளவு பயம். உலகமெங்கும் கோடிக்கணக்கானோர் அம்மை குத்திக்கொண்டதால், 1980இல் அந்நோய் ஒழிந்ததென்று உலகச் சுகாதார நிறுவனம் அறிவித்தது. முன்னோர் கையில் தழும்பு வாங்கினார்கள். நம் பேரப்பிள்ளைகளுக்கு அந்த ஊசியே வேண்டியதில்லை. இதற்கு மாறாக, 2000ஆம் ஆண்டு ஹஜ்ஜின்போது மூளைக்காய்ச்சலில் ஒரு வகை பரவியது. ஊருக்குத் திரும்பிய ஹாஜிகள் சிலரால் மக்காவுக்கே போகாத வீட்டாருக்கும் அது தொற்றியது. அதன் பிறகே அந்த வகையையும் தடுக்கும் ஊசி ஹாஜிகளுக்குக் கட்டாயமாயிற்று.

ஆகவே முதலாளிமார்களே! வேலையாளை ஊசிக்கு அனுப்பும்போது அந்த அரைநாள் சம்பளத்தைப் பிடிக்காதீர்கள். செலவைக் கடைக்கணக்கில் எழுதுங்கள். கல்லாவில் உட்காரும் நீங்களே முதலில் சட்டைக் கையை மடக்குங்கள். ஊசி போட்டதால் கை கழுவாமலிருக்கலாம் என்றும் எண்ணவேண்டாம். ஊசி முழுக் காப்பு அன்று. இரண்டும் சேர்ந்தே காப்பு.

நம் கடையில் உண்டு எழுந்தவர் சுகமாய் வீடு போய்ச் சேரவேண்டும் என்பதே நம் நிய்யத்தாக இருக்கட்டும். வல்ல நாயன் நம் வியாபாரத்தில் பரக்கத்துச் செய்வானாக, ஆமீன்.