அரசாணையும் மனச்சான்றும்

அரசாணைக்கு அடங்கி ஒழுகுதல் குடிகளுக்குக் கடன் என்பது எல்லாச் சமயத்தார்க்கும் ஒப்ப முடிந்தது. ஆணை இல்லாத நாட்டில் எளியாரை வலியார் நலிவர். கல்வியும் வழிபாடும் வாணிகமும் நிலைபெறா. ஆயின், அவ்வாணைதானே அறத்திற்கு மாறாயவிடத்து அதற்கு அடங்குதலும் கடனாமோ? ஆகாதெனின், அதனை எம்முறையால் மறுத்தல் வேண்டும்? இவ்வினா உபாத்தியாயர்களுக்கு மிக அணுகியது. கீழ்ப்படிதலை மாணாக்கர்க்கு நாடோறும் பயிற்றுவோர் அவரே ஆதலின், அதன் எல்லையையும் அவர் அறிந்திருத்தல் வேண்டும். எல்லை கூறாது பயிற்றிய கீழ்ப்படிவு அடிமைத்தனமாய் முடியும்.

ஐரோப்பாவிலே கிறிஸ்தவர்கள் இதுபற்றி நெடுங்காலம் வாதித்தனர். அவர்தம் வேதத்திலேயே இரு கட்சிக்கும் இடமுண்டு. உரோமருக்கு எழுதிய நிருபத்தின் 13ஆம் அதிகாரத்திலே, ஆளும் அதிகாரம் இறைவனால் அமைந்ததாகலின் அதற்கு அடங்கவேண்டும் என்று பவுல் உபதேசித்தார். அப்போஸ்தலர் நடபடிகளின் 5ஆம் அதிகாரத்திலோ, பேதுரு முதலியோர் தம் போதனையைத் தடுத்த சங்கத்தார்க்கு, மனிதர் கட்டளையினும் இறைவன் கட்டளையே தமக்குப் பெரிதென்னும் கருத்துப்பட விடையிறுத்தனர்.

இவ்விரண்டனையும் பொருத்திக் காட்ட முயன்றோருள் ஒருவர் ஜேர்மனி தேசத்து மார்ட்டின் லூதர். அவர் மொழிபெயர்த்த புதிய ஏற்பாட்டைக் குடிகள் ஒப்புவித்தல்வேண்டுமெனச் சில பிரபுக்கள் கட்டளையிட்டபோது, 1523ஆம் ஆண்டிலே அவர் ஒரு நூல் எழுதினார். அரசன் ஆட்சி உடம்பின்மேலும் பொருளின்மேலும் செல்லுமேயன்றி ஆன்மாவின்மேற் செல்லாது. ஆதலால் நூலைத் தன் கையால் எடுத்துக் கொடுத்தல் ஆகாது. ஏவலர் வலிந்து கவர்ந்தால் அவரோடு பொருதலும் ஆகாது என்பது அவர் துணிபு. 1525இல் உழவர்கள் வேதத்தை ஆதாரமாகக் காட்டிக் கிளர்ந்தெழுந்தபொழுது, அவரை ஒறுக்கும்படி பிரபுக்களை ஏவி மிகக் கடுமையாக எழுதினார். அக்கலகத்திற் பல்லாயிரவர் மாண்டனர். ஆகவே, லூதருடைய உபதேசம் மறாமை, மறுத்தல் என்னும் இரு கூறும் உடையதாயிற்று. பின்வந்தோர் பலர் முதற் கூற்றையே போற்றி, இரண்டாவதை மறந்தனர். 1938இலே, ஹிட்லருக்கு விசுவாசப் பிரமாணம் செய்யும்படி பிரஷ்யா நாட்டுச் சபைத் தலைமையார் பணித்தபோது, குருமாருட் பெரும்பாலார் அதற்கு இணங்கினர்.

நோர்வே தேசத்தாரும் லூதர் வழியினரே. அங்கே அக்காலத்திற் சபை அரசாங்கத்தோடு பிணைந்திருந்தது. குருமார் அரசாங்க வேதனம் பெற்றனர். எனினும் அவர் மேற்கொண்ட நெறி வேறு. 1940 ஏப்பிரல் 9ஆந் தேதி ஜேர்மன் சேனை அந்நாட்டிற் புகுந்தது. 1941இலே ஒஸ்லோ நகரத்து அத்தியக்ஷராகிய பெர்க்கிராவ் என்பவர், லூதருடைய நூல்களைக் கொண்டே, வண்டி செலுத்துவோன் மதிமயங்கியவிடத்து வண்டியிலுள்ளோர் வாளாவிருத்தல் கடனன்று என்பதைக் குருமார்க்கு எடுத்துரைத்தார்.

1942 பெப்ரவரி 1ஆந் தேதி குவிஸ்லிங் என்பவர் ஜேர்மானியர் துணையால் அந்நாட்டு மந்திரித் தலைவராயினார். சின்னாளில் இரண்டு சட்டங்கள் பிறந்தன. ஒன்று, உபாத்தியாயர் யாவரும் அவர் கட்சியாளுகைக்கு உட்பட்ட புதிய சங்கத்தில் அங்கத்தவராதல் வேண்டும் என்பது. மற்றொன்று, 10 முதல் 18 வயது வரையுள்ள சிறார் யாவரும் கட்சியின் இளைஞர் சேவையிற் சேர்தல் வேண்டும் என்பது. அந்நாட்டு உபாத்தியாயர் ஏறக்குறைய 14,000 பேர். அவருட் பெரும்பாலார் இதற்கு இசையாமையைத் தெரிவித்துக் கடிதம் எழுதினர். வாசகம் எல்லார்க்கும் ஒன்றே. ஆயினும் ஒவ்வொருவரும் தனித்தனி எழுதித் தம் பெயரை இட்டு அனுப்பினர். தம் மறுப்பை மறைத்திலர்.

அரசினர் பாடசாலைகளை மூடினர். மார்ச்சு மாதத்திலே 1,100 பேர் வரையிற் சிறைப்பட்டனர். அவருள் ஐந்நூற்றுவரின் மேற்பட்டோர் வடகோடியிலுள்ள கிர்க்கெனெஸ் என்னும் இடத்திற்குக் கொண்டுபோகப்பட்டுக் குளிரிலே கடின வேலை செய்விக்கப்பட்டனர். கையொப்பமிடின் விடுதலை என்றபோதும் பெரும்பாலார் உடன்பட்டிலர். ஈற்றில் அச்சட்டம் நடவாதொழிந்தது. அவ்வாண்டு முடியுமுன் அவர்கள் வீடு திரும்பினர்.

குருமார் செய்ததும் நோக்கற்பாலது. அத்தியக்ஷர்கள் பெப்ரவரியிலே அரசாங்க உத்தியோகத்தைத் துறந்தனர். ஏப்பிரல் 5ஆந் தேதியாகிய ஈஸ்டர் நாளிலே குருமாருட் பெரும்பாலாரும் அவ்வாறே துறந்தனர். அவர் விட்டது அரசு தந்த பதவியையும் வேதனத்தையுமே, தொண்டை விட்டிலர். சனங்களுக்குச் செய்யுங் கிரியைகளை முன்போலவே செய்துவந்தனர்.

அற்றேல், ஒவ்வொருவரும் மனச்சான்றென்று சொல்லித் தமக்கு வேண்டாத ஆணையை மறுப்பாராயின் நாடு என்னாம் எனின், நன்று வினாவினாய். மனச்சான்றினையும் தன்னிச்சையினையும் வேறுபிரித்தறிதற்கு அடையாளம் உண்டு. தன்னிச்சையால் மறுப்போன் ஒளித்து மறுப்பான். ஊதியம் வரின் இசைவான். தண்டம் வரின் பிறர்மேற் சாட்டுவான். மனச்சான்றினால் மறுப்போன் தன் பெயர் சொல்லி மறுப்பான். ஊதியத்தைத் தானே விடுவான். தண்டத்தைத் தானே ஏற்பான். ஏனைய ஆணைகளுக்கு முன்போல அடங்குவான். வரியிறுத்தலையும் வழிச்சட்டத்தையும் மறுத்தற்கு இது சாக்காகாது. அரசன் தன் எல்லை கடந்து சிறாருடைய உள்ளத்தைக் கவரப் புகுந்தவிடத்தே மறுப்புத் தோன்றிற்று என்க.

இந்நெறி எக்காலத்தும் போதுமோ எனின், எளிதிற் கூறலாகாது. டீட்ரிக் போன்ஹோபர் என்னும் ஜேர்மானியக் குரு, ஹிட்லரைக் கொல்லச் சூழ்ந்தாரோடு சேர்ந்து, 1945 ஏப்பிரல் 9ஆந் தேதி தூக்கிலிடப்பட்டார். பிறரைக் காத்தற்பொருட்டுப் பழியைத் தன்மேல் ஏற்றுக்கொள்ளுதலும் ஒருவனுக்கு நேரும் என்று அவர் எழுதினாரேயன்றி, அச்செயல் பழியற்றதென்று எழுதிற்றிலர். கொலையைப் புண்ணியமென்று பெயரிட்டழையாத அவ்வாய்மை மதிக்கத்தக்கது.

நம்மவர்க்கு இம்மறுப்பு நெறி புதியதன்று. பல்லவன் ஏவலை மறுத்த திருநாவுக்கரசு நாயனார் நீற்றறையிலும், நஞ்சிலும், யானையின் முன்னும், கல்லோடு பிணித்த கடலிலும் பட்டவற்றைப் பெரியபுராணத்திற் படித்தோம். அவர் படை திரட்டிற்றிலர், ஒளித்தோடிற்றுமிலர். அச்சரித்திரத்தை அற்புதங்களின் கோவையாக மாத்திரம் மாணாக்கர்க்குச் சொல்லி விடுதல் குறையாம். அற்புதம் நிகழுமென்னும் உறுதிச்சீட்டுப் பெற்று அவர் மறுத்தாரல்லர் என்பதையும் உடன் சொல்லல் வேண்டும். கிர்க்கெனெஸிலே குளிரில் நின்ற உபாத்தியாயர்களுக்கு அற்புதம் ஒன்றும் நிகழ்ந்திலது. தம்முன் இருந்து பாடங்கேட்ட பிள்ளைகளைத் தாம் விற்கவில்லை என்னும் தெளிவொன்றே அவர்க்கு எஞ்சியது. கீழ்ப்படிக என்று நாம் சொல்லுந்தோறும், பிள்ளைகள் நம்மை நம்பியே கீழ்ப்படிகின்றனர். அந்நம்பிக்கையைப் பிறிதொருவர் கையிற் கொடுத்தற்கு நமக்கு உரிமையில்லை.