நகையைக் கேட்டவர்

'சமரசமற்ற கலைஞன்' என்ற தொடரை நானும் தாராளமாகவே உபயோகித்திருக்கிறேன். சமீப காலமாக அது நெருடுகிறது. கலைஞன் செய்துகொள்ள மறுக்கும் சமரசங்களை, பல சமயங்களில், அவன் பக்கத்தில் நிற்கும் வேறொருவர் செய்துகொண்டிருக்கிறார். விமர்சனம் அவரைக் கணக்கில் எடுத்துக்கொள்வதில்லை.

'பதேர் பாஞ்சாலி'யைப் பார்ப்போம். 1952 அக்டோபரில் படப்பிடிப்பு தொடங்கியபோது சத்யஜித் ரே ஒரு விளம்பர நிறுவனத்தில் வேலையில் இருந்தார். நாணல் பூத்த வெளியில் முதல் நாள் காட்சிகள். அடுத்த ஞாயிறு போனபோது மாடுகள் பூக்களை மேய்ந்து தீர்த்திருந்தன. மறுபடி பூக்கும்வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. பணம் வந்தபோது எடுத்தார்கள், தீர்ந்தபோது நிறுத்தினார்கள். இன்ஷூரன்ஸ் பாலிசியின் மேல் கடன் வாங்கியாயிற்று. சேர்த்து வைத்திருந்த இசைத்தட்டுகளும் விலைக்குப் போயின. அதன்பின் ரேயின் மனைவி பிஜோயாவிடம் பேசி, நகைகளை அடகு வைக்கச் சம்மதிக்கவைத்தவர் தயாரிப்பு நிர்வாகி அனில் சௌத்ரி.

நான் வங்கியில் நகைக்கடன் பிரிவில் உட்காருகிறவன். அப்ரைசர் உரைகல்லில் தேய்த்து, கல்லுக்குக் கழித்து, எடை சொல்லும்வரை எதிரே நிற்கும் பெண்ணின் கை வெறுங்கழுத்தைத் தடவிக்கொண்டிருக்கும். விண்ணப்பத்தில் 'கடனின் நோக்கம்' என்று ஓர் இடம் உண்டு. விவசாயம், மருத்துவம், வீட்டுச் செலவு என்று எழுதுவார்கள். கலை என்று யாரும் எழுதி நான் பார்த்ததில்லை. பின்னால் மேற்கு வங்க அரசு இந்தப் படத்துக்குக் கொடுத்த பணமும், படத்தின் பெயரில் பாதை இருந்ததால், சாலை மேம்பாடு என்ற தலைப்பில்தான் பதிவாயிற்று. கலைக்கான பணம் வேறொன்றின் பெயரைச் சொல்லிக்கொண்டுதான் வரவேண்டியிருக்கிறது.

படம் மகத்தானது, எனவே கேட்டது சரி என்று சொல்லிவிடலாம். இதை நான் ஏற்கவில்லை. நகையைக் கழற்றும் கணத்தில் படம் இல்லை. துண்டு துண்டான சில சுருள்களும் ஒரு நம்பிக்கையும்தான் இருந்தன. வரப்போகும் வெற்றியை யாரும் ஜாமீனாக வைக்க முடியாது. முடியாமல் போன எத்தனையோ படங்களுக்கும் நகைகள் போயிருக்கும். கேட்ட செயலின் தார்மீகம் விளைவைப் பொறுத்தது என்றால், அந்தப் பெண்கள் எல்லோரும் ஏமாற்றப்பட்டவர்கள். பிஜோயா மட்டும் அதிர்ஷ்டசாலி. இது தார்மீகம் அல்ல, லாட்டரி.

கணவன் கேட்டு மறுத்தால் சண்டை. வெளியார் கேட்டு மறுத்தால் கஞ்சத்தனம். எப்படிக் கேட்டாலும் அவளுக்கு மறுக்கும் இடம் குறைவு. ஆகவே கேட்பவன் ஒரு சிறு வன்முறையைச் செய்கிறான் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். அதைச் செய்தபின் அவன் எங்கே நிற்கிறான் என்பதே என் கேள்வி.

சௌத்ரி அங்கேயே நின்றார். அந்தப் படத்தோடு போய்விடவில்லை. 'சாருலதா' (1964) உட்பட ரேயின் படங்களுக்குத் தொடர்ந்து அதே வேலையைப் பார்த்தார். கேட்ட வீட்டின் வாசலிலேயே, பதில் சொல்ல வேண்டியவராக, இருந்தார். தயாரிப்பு நிர்வாகியின் அறம் கை சுத்தமாக இருப்பதில் இல்லை. கை நீட்டியது நான்தான் என்று சொல்லக்கூடிய தூரத்தில் இருப்பதில் இருக்கிறது.

இதை எழுத எனக்கு ஒரு காரணம் உண்டு. என் முதல் கவிதைத் தொகுப்பை அச்சிட என் மனைவியின் இரண்டு வளையல்கள் அடகுக்குப் போயின. நான் கேட்கவில்லை. நண்பர் ஒருவர் கூடத்தில் காபி குடித்தபடி, "இவர் கேக்க மாட்டார், நான்தான் கேக்கணும்மா" என்று ஆரம்பித்தபோது நான் வெற்றிலை வாங்க எழுந்து போனேன். வருஷா வருஷம் வட்டி கட்ட நினைவூட்டியதும் அவர்தான். தொகுப்பில் சமரசமற்ற குரல் இருப்பதாக ஒரு மதிப்புரை வந்தது. நன்றிப் பக்கத்தில் அச்சகத்துக்கும், அட்டை வரைந்தவருக்கும் நன்றி இருக்கிறது. அவளும் நண்பரும் இல்லை.

வளையல்கள் திரும்பிவிட்டன. கடை வரைக்கும் போய்விட்டு வந்த அந்தப் பத்து நிமிஷத்தை எந்தத் தலைப்பின் கீழ் எழுதுவது என்று எனக்கு இன்னும் தெரியவில்லை.