மகரக்கட்டு உடைந்த பிறகு



வெண்ணந்தூர் வட்டாரத்துத் தறிவீடு ஒன்றில் சிறுவன் ஒருவன் தார் சுற்றிக்கொண்டிருக்கக் கண்டால், "பள்ளிக்கூடம் போகலையா, கண்ணு?" என்று உடனே கேட்டுவிடுகிற நாம், அதே வயதுச் சிறுவன் வெள்ளித்திரையில் கண்ணீர் ததும்ப வசனம் பேசக் கண்டால், மெய்ம்மறந்து கரகோஷம் செய்கிறோமேயன்றி, அவனும் ஒரு தொழிலில்தான் ஈடுபட்டிருக்கிறான் என்று சிந்திப்பதில்லை.

சங்கரதாஸ் சுவாமிகள் 1918-ல் மதுரையில், சிறுவர்கள் நடிக்கும் நாடகக் குழுவான தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை நிறுவிய காலத்திலும், அதையொட்டிப் பல பாய்ஸ் கம்பெனிகள் ஊர் ஊராகச் சென்று கொட்டகை போட்ட காலத்திலும், பாலர்களின் குரலே அச்சபைகளின் மூலதனமாக இருந்தது; மகரக்கட்டு உடைந்து, அதாவது பருவ வயதில் குரல் மாறிவிட்டால், நேற்றுவரை ராஜபார்ட் பாடிய பையனின் இடத்திற்கு வேறொரு பையன் வந்துவிடுவான். டி.கே.எஸ். சகோதரர்களும், எம்.ஜி.ஆரும், சிவாஜி கணேசனும் அத்தகைய சபைகளில் பயின்றவர்களே என்று நாம் பெருமிதத்தோடு கூறுகிறோம். குரல் போனதும் வெறுங்கையோடு ஊர் திரும்பிய பிள்ளைகளின் பெயர்களைச் சொல்லத்தான் யாரும் இல்லை.

பிறகு பேசும்படம் வந்தது. சேலத்தில் டி.ஆர். சுந்தரம் மாடர்ன் தியேட்டர்ஸை நடத்தத் தொடங்கிய அதே காலத்தில், 1937-ல், கே. சுப்ரமண்யத்தின் 'பாலயோகினி' வெளிவந்து, அதில் நடித்த பேபி சரோஜாவின் பெயரைத் தமிழ்நாட்டில் எத்தனையோ பெண் குழந்தைகளுக்குச் சூட்டச் செய்தது. அக்குழந்தையின் திரைவாழ்வோ சில ஆண்டுகளிலேயே முடிந்துவிட்டது. 1960-ல் 'களத்தூர் கண்ணம்மா'வில் நடித்து ராஷ்டிரபதி பதக்கம் பெற்ற கமல்ஹாசனுக்கும், பால்யம் கழிந்ததும் வாய்ப்புகள் நின்றன. ஆயினும், அந்த இடைக்காலத்தில் டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்தும், நடன ஆசிரியர் தங்கப்பனிடம் உதவியாளராக இருந்தும் தொழில் கற்றமையாலேயே, 1973-ல் 'அரங்கேற்றம்' வந்தபோது அவர் ஆயத்தமாக இருந்தார் என்பது என் அபிப்பிராயம். பிரெஞ்சு தேசத்திலோ, திரூஃபோ என்னும் இயக்குநர், தம் முதல் முழுநீளப் படத்தில் பதினான்கு வயதில் நடித்த ழான் பியேர் லெயோவைக் கைவிடாமல், அதே கதாபாத்திரத்தை அவர் வளர வளரத் தாமும் தொடர்ந்து, 1979 வரை மேலும் நான்கு படங்களை எடுத்தார். அத்தகைய பாக்கியம் எத்தனை குழந்தைகளுக்குக் கிட்டும்?

ஆகவே, சட்டம் தலையிட வேண்டியதாயிற்று. 2017-ல் திருத்தப்பட்ட மத்திய அரசின் விதிகளின்படி, குழந்தைக் கலைஞரை நாளொன்றுக்கு 5 மணி நேரத்திற்கு மேலும், ஓய்வின்றி 3 மணி நேரத்திற்கு மேலும் வேலை வாங்கலாகாது. வருமானத்தில் குறைந்தது 20 சதவீதத்தை, தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் குழந்தையின் பெயரிலேயே வைப்புநிதியாகச் செலுத்த வேண்டும்.

தொலைக்காட்சிப் போட்டிக்கோ படப்பிடிப்பிற்கோ தம் செல்வங்களைச் சென்னைக்கு அழைத்துச் செல்லும் நம் பகுதிப் பெற்றோர்கள், மேடை ஏற்றுவதற்கு முன், அவ்விதிகளின்படி நிகழ்ச்சி நடைபெறும் மாவட்டக் கலெக்டரின் அனுமதி பெறப்பட்டதா என்றும், அந்த வங்கிக் கணக்கு தொடங்கப்பட்டதா என்றும் தயாரிப்பாளரிடம் தயங்காமல் கேட்கவேண்டுமெனக் கேட்டுக்கொள்கிறேன்.