வீட்டுக் கடனும் பிள்ளைகளின் வருஷங்களும்



பாளையங்கோட்டையில் வீடு கட்ட 20 லட்சம் ரூபாய் கடன் கேட்கும் தகப்பனார், மாதத் தவணை 17,995 என்றதும் "சமாளிக்கலாம்" என்று கையெழுத்திடுகிறார். வட்டி 9 சதவீதம், கெடு 20 வருஷம். கூட்டிப் பாருங்கள்: 43 லட்சத்துக்கும் மேல்! முதல் தவணையில் 15,000 வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது 2,995தான்.

2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆக்கியது. மாறும் வட்டிக்கு வாங்கிய பலருக்குத் தவணை ஏறவில்லை, வருஷங்கள் ஏறின. தகப்பனாரின் உத்தியோகம் முடிந்த பிறகும் நீளும் வருஷங்கள் யாருடையவை? பிள்ளையைக் கேளாமல் அவன் உழைப்பை ஈடுவைப்பது நியாயமா?

தவணையைக் கூட்டுவதா, கெடுவை நீட்டுவதா என்று கடன்காரரையே தீர்மானிக்க விடவேண்டுமென 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி விதித்தது. அந்தக் கடிதம் வந்தால் பெட்டியில் போட்டுப் பூட்டாதீர்கள். இராச் செபம் முடிந்ததும் பிள்ளைகளையும் உட்காரவைத்து வாசியுங்கள்.